அமாவாசை ஆட்டம்

அக்கா மகன் அயர்லாந்தில் வேலை பார்க்கிறான். டிப்பரரி மாவட்டத்தில் ஒரு சிறிய ஊர். போன வருஷம் வந்தபோது எனக்கென்று ஒரு புத்தகம் கொண்டுவந்தான். "மாமா, நீங்க பழைய கதையா தேடுவீங்களே, இத பாருங்க. ஒரு சின்ன ஊரு டீமோட வரலாறு" என்று மேசைமேல் வைத்தான். செங்கல் கனம் இருந்தது.

அந்த ஊரின் ஹர்லிங் குழுவைப் பற்றி அந்த ஊர்க்காரர்களே எழுதி, அவர்களே அச்சடித்து, அவர்களுக்குள்ளேயே விற்றுக்கொண்ட புத்தகம். எந்த ஆண்டு யாரோடு ஆடினார்கள், எத்தனை கோல், யார் செயலாளர், மைதானத்துக்கு நிலம் எப்படி வந்தது, முள்வேலிக்கு யார் பணம் கொடுத்தார்கள் என்று எல்லாம் இருந்தது. தோற்ற ஆட்டங்களும் விடாமல் எழுதப்பட்டிருந்தன. வரிசையாக நின்றும் உட்கார்ந்தும் எடுத்த குழுப் படங்கள் ஒவ்வொன்றின் கீழும் இடமிருந்து வலமாகப் பெயர்கள்.

படித்து முடித்தபோது எனக்கு வந்தது பொறாமை. காஞ்சிபுரத்தில் எங்கள் தெருவிலும் ஒரு குழு இருந்தது. சடுகுடுக் குழு. ஏறக்குறைய முப்பது வருஷம் ஆடியது. அதற்கு மிஞ்சியிருப்பது துருப்பிடித்த ஒரு கேடயமும், ஓரம் செல்லரித்த ஒரு புகைப்படமும். படத்தின் கீழே பெயர்கள் இல்லை.

*

ஹர்லிங் பார்க்காதவர்களுக்குச் சொல்லிவிடுகிறேன். ஒரு பக்கத்துக்கு பதினைந்து பேர். கையில் ஆஷ் மரத்தில் செதுக்கிய, அடிப்பக்கம் தட்டையாக வளைந்த மட்டை. தோல் போர்த்திய சிறிய பந்து. ஹாக்கிபோலத் தரையோடு போகவேண்டும் என்ற கட்டாயம் இல்லை. பந்தை மட்டையில் ஏந்திக்கொண்டே ஓடலாம், தலைக்கு மேலே வீசி அடிக்கலாம். கம்பத்துக்கு நடுவே, குறுக்குக்கட்டைக்குக் கீழே வலைக்குள் போனால் மூன்று புள்ளி. மேலே போனால் ஒரு புள்ளி. மிகப் பழைய ஆட்டம். ஆனால் பத்தொன்பதாம் நூற்றாண்டின் பின்பாதியில் அது பல இடங்களில் அணைந்துகொண்டிருந்தது. 1840-களின் பஞ்சத்தில் சுமார் பத்து லட்சம் பேர் இறந்தார்கள். அதைவிட அதிகமானவர்கள் கப்பலேறினார்கள். ஆடுவதற்கு ஆள் எங்கே?

1884 நவம்பர் 1 அன்று, தர்லஸ் என்ற சிற்றூரில் ஹேய்ஸ் ஓட்டலின் ஓர் அறையில் விரல்விட்டு எண்ணக்கூடிய சிலர் கூடி கேலிக் தடகளச் சங்கத்தைத் தொடங்கினார்கள். அழைத்தவர் மைக்கேல் கியூசாக் என்ற பள்ளி ஆசிரியர். முதல் தலைவர் மாரிஸ் டேவின், பெயர்பெற்ற தடகள வீரர். ஆங்கிலேயரின் ஆட்டங்களை ஆடி அவர்கள் போட்ட விதிக்குள் நிற்பதைவிட, நம் ஆட்டத்துக்கு நாமே விதி எழுதுவோம் என்பது அவர்கள் எண்ணம். பேராயர் குரோக் ஆதரவு தந்தார். டப்ளினில் உள்ள பெரிய மைதானத்துக்கு இன்றும் அவர் பெயர்தான். 1888 ஏப்ரலில் முதல் அகில அயர்லாந்து ஹர்லிங் இறுதி ஆட்டம். மாவட்டங்களின் பெயரில் ஆடினாலும் களத்தில் நின்றவை ஊர்க் குழுக்கள்தான்: டிப்பரரிக்காக தர்லஸ், கால்வேக்காக மீலிக். தர்லஸ் ஜெயித்தது.

அந்தச் சங்கத்தின் அடிப்படை அலகு பங்கு. நம்மூரில் கிறிஸ்தவர்கள் பங்குத்தந்தை, பங்குக் கோயில் என்பார்களே, அதே பங்குதான். எந்தக் கோயிலின் எல்லைக்குள் வீடு இருக்கிறதோ அந்த ஊர்க் குழுவுக்கு ஆடவேண்டும். நன்றாக ஆடுகிறான் என்று பணம் கொடுத்துப் பக்கத்து ஊர்க்காரனை இழுக்க முடியாது. எண்பதாயிரம் பேர் கூடும் இறுதி ஆட்டத்தில் ஆடுகிறவர்கூட அதற்குச் சம்பளம் வாங்குவதில்லை. திங்கட்கிழமை பள்ளியில் பாடம் எடுக்கவோ மாட்டுப் பண்ணைக்கோ போகிறார்.

அந்த ஆட்டக்களத்தில் ரத்தமும் சிந்தியிருக்கிறது. 1920 நவம்பர் 21 அன்று குரோக் மைதானத்தில் கேலிக் கால்பந்து ஆட்டம் நடந்துகொண்டிருந்தபோது பிரிட்டிஷ் படையினர் நுழைந்து சுட்டார்கள். பதினான்கு பேர் செத்தார்கள். அதில் ஒருவர் டிப்பரரி அணியில் ஆடிக்கொண்டிருந்த மைக்கேல் ஹோகன். அவர் பெயரில் அங்கே ஒரு பார்வையாளர் மாடம் இருக்கிறது. விளையாட்டைக் குறித்து வைப்பதும் ஊரைக் குறித்து வைப்பதும் அவர்களுக்கு ஒன்றாகிப்போனதற்கு இதுவும் ஒரு காரணம்.

*

புத்தகத்தை எடுத்துக்கொண்டு பெரியப்பா வீட்டுக்குப் போனேன். எங்கள் குழுவின் முதல் கேப்டன் அவர்தான். எழுபத்தைந்து தாண்டிவிட்டது. பட்டுத்தறிக் குழியில் ஐம்பது வருஷம் கால் தொங்கப்போட்ட முட்டி இப்போது மடங்குவதில்லை. படங்களை ஒவ்வொன்றாகப் புரட்டினார்.

"இத்தன பேரையும் எழுதி வெச்சிருக்கானுங்களா?"

"ஆமா பெரியப்பா. நம்ம டீமுக்கு ஏன் ஒரு நோட்டுகூட இல்ல?"

"எழுதி வைக்கறதுக்கு அது இன்னாப்பா, நிலப்பத்திரமா?"

சிரித்துவிட்டுச் சொன்னார். ஆனால் வீட்டுக்கு வந்த பிறகும் அந்த வார்த்தை என்னை விடவில்லை. அயர்லாந்துக்காரர்களின் புத்தகத்தில் பாதி, நிலப்பத்திரம்தான். மைதானம் வாங்கியது, அதற்குக் கடன் அடைத்தது, பக்கத்து வயலைச் சேர்த்தது. இருக்கும் இடத்தில் ஆவணமும் இருக்கிறது. எங்கள் குழுவுக்கு நிலம் இருந்ததே இல்லை. தெருதான் இருந்தது.

அந்தத் தெருவும் முழுக்க எங்களுடையதாக இல்லை. விடிகாலையில் அது பாவுக்குச் சொந்தம். தெருவின் நீளத்துக்குப் பட்டுப் பாவை நீட்டிக் கட்டி, கஞ்சி தோய்த்து, இரண்டு பக்கமும் ஆட்கள் நடந்து நடந்து இழை பிரித்து விடுவார்கள். வெயில் ஏறுவதற்குள் முடிக்கவேண்டும். அதுவரை சைக்கிள்கூட உள்ளே வராது. பிறகு தெரு காலியாகும். ஆனால் அப்போது நாங்கள் காலியாக இருக்கமாட்டோம், தறியில் இருப்போம்.

காஞ்சிப் பட்டின் பெயரே கோர்வையில் இருக்கிறது. உடல் ஒரு நிறம், கரை இன்னொரு நிறம். இரண்டையும் இழைக்கு இழை கோத்து நெய்வது. அதற்கு மூன்று நாடா ஓடவேண்டும். நெய்கிறவருக்கு இரண்டு கைதானே. அந்தப் பக்கத்துக் கரை நாடாவைத் தள்ள இன்னொரு ஆள் உட்காரவேண்டும். பெரும்பாலும் அது சின்னப் பையன் அல்லது பெண் குழந்தை. சொந்தப் பிள்ளை இல்லாத வீட்டுக்கு வேறு வீட்டுப் பிள்ளை, முன்பணத்துக்கு ஈடாக. கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் 1976-ல் வந்தது. குழந்தைத் தொழிலாளர் சட்டம் 1986-ல் வந்து, நெசவை அவர்களுக்குத் தடைசெய்யப்பட்ட வேலைகளின் பட்டியலில் சேர்த்தது. ஆனால் குடும்பத்தோடு சேர்ந்து வீட்டில் செய்தால் தடை இல்லை என்று ஒரு வாசலையும் திறந்து வைத்தது. காஞ்சிபுரத்தில் தறி எங்கே இருந்தது? வீட்டில்தான்.

ஆகவே எங்கள் குழுவின் ஆட்டக்காரர்கள் எல்லாரும் பகலில் ஏதோ ஒரு தறியில் கட்டுண்டவர்கள். அவர்களுக்கென்று மாதத்தில் ஒரே ஒரு நாள் இருந்தது, அமாவாசை. நெசவாளர்கள் அன்றைக்குத் தறியில் உட்காருவதில்லை. காலையில் தலைமுழுகிப் படையல், மத்தியானம் சாப்பாடு, நாலு மணிக்குத் தெருவில் சுண்ணாம்புக் கோடு. இருட்டினால் பெட்ரோமாக்ஸ். டிப்பரரிக்காரர்களுக்கு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து ஆட்டம் என்றால் எங்களுக்கு அமாவாசை.

"எப்போ ஆரமிச்சீங்க பெரியப்பா?"

"அண்ணா போனாரில்ல, அதுக்கு மறு வருசம்."

அண்ணா எங்கள் ஊர்க்காரர், நெசவாளர் வீட்டுப் பிள்ளை. எங்கள் தெருவின் காலண்டர் அவரை வைத்துத்தான் ஓடும். அவர் இறந்தது 1969 பிப்ரவரி. ஆக, குழு பிறந்தது 1970. என் நோட்டில் முதல் தேதி இது.

குழுவின் பெயரை இங்கே எழுத முடியாது, ஏனென்றால் ஒரு பெயராக அது இருந்ததில்லை. ஒரு வருஷம் தெருக்கோடிப் பிள்ளையார் பெயர், ஒரு வருஷம் நடிகர் பெயர், பனியன் வாங்கிக் கொடுத்தவர் கட்சிக்காரராக இருந்தால் அவர் தலைவர் பெயர்.

*

எங்கள் தெருவுக்குத் தெரியாமலேயே இந்த ஆட்டத்துக்கும் ஒரு தர்லஸ் நடந்துகொண்டிருந்தது. தமிழ்நாட்டில் சடுகுடு, ஆந்திரத்தில் செடுகுடு, மராட்டியத்தில் ஹுதுது, வங்காளத்தில் ஹடுடு என்று ஊருக்கொரு பெயரும் ஊருக்கொரு விதியுமாக இருந்ததை ஒரே அச்சில் வார்க்கும் வேலையை மராட்டிய உடற்பயிற்சிக் கழகங்கள் தொடங்கின. 1936 பெர்லின் ஒலிம்பிக்கின்போது அமராவதியின் ஹனுமான் வியாயாம் பிரசாரக் மண்டல் அங்கே அதை ஆடிக் காட்டியது. 1950-ல் அகில இந்தியக் கபடிக் கூட்டமைப்பு. 1952 முதல் தேசியப் போட்டிகள். ஆண்களுக்கான முதல் போட்டி நடந்தது நம் சென்னையில். 1972-ல் இன்றைய அமெச்சூர் கூட்டமைப்பு. 1982 டில்லி ஆசிய விளையாட்டில் காட்சி ஆட்டம், 1990 பெய்ஜிங்கில் பதக்க ஆட்டம், இந்தியாவுக்குத் தங்கம். 2014-ல் புரோ கபடி லீக். 2017-ல் தமிழ் தலைவாஸ்.

ஏழு பேர், பதின்மூன்று மீட்டருக்குப் பத்து மீட்டர் களம், பாடிப் போகிறவருக்கு முப்பது நொடி. விதி ஒன்றானது நல்லதுதான். இல்லாவிட்டால் அரியானாக்காரரோடு நாம் ஆடியிருக்க முடியாது. ஈரான்காரர்கள் கற்றுக்கொண்டு 2018-ல் ஜகார்த்தாவில் நம்மைத் தோற்கடித்திருக்கவும் முடியாது. ஆனால் அயர்லாந்தில் நடந்ததற்கும் இங்கே நடந்ததற்கும் ஒரு வித்தியாசம் எனக்குத் தட்டுப்படுகிறது. அங்கே சங்கம் மேலிருந்து விதியைக் கொடுத்தது. ஊர்க் குழுவை அடித்தளமாக அப்படியே வைத்துக்கொண்டது. மாவட்ட அணிக்கு எவ்வளவு பெரிய ஆட்டக்காரன் போனாலும் அவன் ஊர்க் குழுவின் ஆள்தான். இங்கே திறமையுள்ள பையன் மேலே போக வழி, போலீஸ், ரயில்வே, மின்வாரியம் போன்ற வேலைகள். தெருக் குழு அவன் ஏறிப்போன ஏணி. ஏறிய பிறகு ஏணியை யார் எடுத்து வைக்கிறார்கள்? அவனைக் குறை சொல்லவில்லை. ஐரிஷ்காரனுக்குப் பண்ணை இருக்கிறது, பள்ளிக்கூட வேலை இருக்கிறது. காசு வாங்காமல் ஆடுவது அவனுக்குப் பெருமை. முன்பணக் கடனில் இருக்கிற தறிக்காரன் மகனுக்கு ஆட்டம் ஒரு வேலைக்கான வாசல். எங்கள் குழுவிலிருந்து அப்படி அரசு வேலைக்குப் போனவர் ஒருவர். தெருவே அவரைப் பஸ் ஏற்றிவிட்டது.

குழு எப்போது நின்றது என்று கேட்டால் பெரியப்பாவால் சொல்ல முடியவில்லை. யாரும் நிறுத்தவில்லை, அடுத்த அமாவாசைக்கு ஆள் சேரவில்லை, அவ்வளவுதான். எனக்குத் தெரிந்த காரணங்கள் மூன்று. தெருவுக்கு சிமென்ட் ரோடு வந்தது; சிமென்டில் விழுந்தால் முழங்கை போய்விடும். பாவு போடும் வேலை மெல்ல மெல்லத் தெருவை விட்டுப் போனது. காலி செய்த இடத்தில் வண்டிகள் நின்றன. மூன்றாவது பெரிய காரணம். 1998-ல் இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் கார் வெளிவந்தது. 2006-ல் ஸ்ரீபெரும்புதூரில் நோக்கியா. விடியற்காலையில் கம்பெனி பஸ்கள் எங்கள் ஊர்ப் பக்கம் வந்து பையன்களை அள்ளிப்போக ஆரம்பித்தன. ஷிப்டுக்கு அமாவாசை தெரியாது. நோக்கியா 2014-ல் மூடப்பட்டபோதுகூடப் பையன்கள் தறிக்குத் திரும்பவில்லை, வேறு கம்பெனிக்குப் போனார்கள். பிள்ளைகள் தறிக்குழியிலிருந்து வெளியே வந்தது பெரிய விஷயம். அதற்காக ஒரு சடுகுடுக் குழு போனால் போகட்டும் என்றுதான் நானும் சொல்வேன்.

*

இதோடு நிறுத்தியிருந்தால் இது ஒரு பழைய தெருவை நினைத்து ஏங்கும் கட்டுரையாக இருந்திருக்கும். ஆனால் மூன்றாவது முறை போனபோது பெரியப்பா வேறொன்று சொன்னார்.

1977, எம்.ஜி.ஆர். முதல் தடவை ஜெயித்த வருஷம். ஊருக்கு வெளியே இருந்த காலனியில் ஒரு நல்ல குழு சேர்ந்திருந்தது. "ஒரு மேட்ச் வெச்சிக்கலாமாண்ணா" என்று இரண்டு பையன்கள் வந்து கேட்டார்கள். தெருப் பெரியவர்கள் கூடிப் பேசினார்கள். ஆடக்கூடாது என்று ஒருவரும் சொல்லவில்லை. "நம்ம தெருவுல வேணாம், வெளிய எங்கனா வெச்சிக்குங்க" என்றார்கள். வற்றிக்கிடந்த ஏரியில் ஆட்டம் வைக்கப்பட்டது. எனக்கு அப்போது ஒன்பது வயது. கரைமேல் உட்கார்ந்து பார்த்தது நினைவிருக்கிறது. எங்கள் ஆட்கள் தோற்றார்கள். பெரியப்பாவை நான்கு பேர் சேர்ந்து இடுப்பிலும் கணுக்காலிலும் பிடித்து அமுக்கியதும், எழுந்ததும் அவரே பிடித்தவன் தோளைத் தட்டியதும் நினைவிருக்கிறது.

நான் பார்க்காதது, அதன் பிறகு நடந்தது. வீட்டு வாசலில் அவர் அம்மா நின்றிருந்தாராம். "கொல்லப்பக்கம் போயி தண்ணி ஊத்திக்கினு உள்ள வா" என்றாராம்.

"ஊத்திக்கினேன்பா" என்றார் பெரியப்பா. "வேர்வைக்குன்னு நெனச்சிக்கினு ஊத்திக்கினேன். எனக்குத் தெரியும் அது வேர்வைக்கு இல்லன்னு."

சடுகுடுவுக்கு மட்டை இல்லை, பந்து இல்லை. தொடுவதுதான் ஆட்டம். தொட்டால் புள்ளி, தொட்டவனைக் கட்டிப்பிடித்து நிறுத்தினால் புள்ளி. யார் யாரைத் தொடலாம் என்று ஆயிரம் கணக்கு வைத்திருந்த ஒரு சமூகம் தனக்கென்று இப்படி ஓர் ஆட்டத்தை வைத்திருந்தது எனக்கு ஆச்சரியம். அல்லது ஆச்சரியமே இல்லை. தெருவுக்குத் தெரு, சேரிக்குச் சேரி தனித்தனியாக ஆடும்வரை அந்தக் கணக்கு கெடவில்லை. தூத்துக்குடி மாவட்டத்தின் மணத்தி கிராமத்திலிருந்து கிளம்பி 1994 ஹிரோஷிமா ஆசிய விளையாட்டில் தங்கம் வென்று, அர்ஜுனா விருது வாங்கிய மணத்தி கணேசனின் வாழ்க்கையைத் தழுவி மாரி செல்வராஜ் 2025-ல் 'பைசன்' எடுத்தார். கபடிக் களத்துக்கும் ஊர்ச்சாதிக்கும் இடையே உள்ள தூரம்தான் அந்தப் படம்.

அயர்லாந்துக்காரர்களின் புத்தகத்தைத் திரும்ப எடுத்துப் பார்த்தேன். அவர்களுக்கும் ஒரு கதவு இருந்தது. கிரிக்கெட், கால்பந்து போன்ற 'அந்நிய' ஆட்டங்களை ஆடினாலோ, போய்ப் பார்த்தாலோகூடச் சங்கத்திலிருந்து நீக்கினார்கள். 1938-ல் நாட்டின் குடியரசுத் தலைவர் டக்ளஸ் ஹைட் ஒரு கால்பந்து ஆட்டத்தைப் பார்க்கப் போனார் என்பதற்காக அவரையே சங்கப் புரவலர் நிலையிலிருந்து எடுத்தார்கள். அந்தத் தடை 1971-ல்தான் போனது. பிரிட்டிஷ் படையினரும் வட அயர்லாந்துப் போலீஸ்காரர்களும் சேரக்கூடாது என்ற விதி 2001-ல் போனது. அவர்களுடைய தடையை நம் தீண்டாமையோடு ஒப்பிடமாட்டேன். அது ஆண்டவனுக்கு எதிராக ஆளப்பட்டவன் போட்ட கோபக் கதவு. ஆனால் ஒன்று. அவர்கள் தடையை விதிப்புத்தகத்தில் எழுதி வைத்திருந்தார்கள். எழுதியிருந்ததால் எண் சொல்லி எதிர்க்க முடிந்தது, ஓட்டுப் போட்டு நீக்க முடிந்தது. எங்கள் தெருவின் தடை எங்கேயும் எழுதப்படவில்லை. 'வெளிய எங்கனா வெச்சிக்குங்க' என்பதை எந்தக் கூட்டத்தில் ரத்து செய்வது?

ஆவணம் இல்லாமல் போனதற்கு நிலம் இல்லாதது மட்டும் காரணம் இல்லை என்று இப்போது நினைக்கிறேன். எழுதினால் ஏரியையும் எழுதவேண்டி வரும்.

2025 அக்டோபரில் பஹ்ரைனில் நடந்த ஆசிய இளையோர் விளையாட்டில் இந்தியப் பெண்கள் கபடியில் தங்கம் வாங்கினார்கள். அந்த அணியில் சென்னை கண்ணகி நகர்ப் பெண் ஒருத்தி இருந்தாள். நகருக்குள் இருந்த குடிசைகளிலிருந்து அப்புறப்படுத்தப்பட்டவர்களைக் கொண்டுபோய் வைத்த இடம் கண்ணகி நகர். 'வெளிய எங்கனா' என்று சொல்லி அனுப்பப்பட்ட இடத்திலிருந்துதான் அவள் வந்தாள்.

*

நோட்டு எழுதிக்கொண்டிருக்கிறேன். பெரியப்பா சொல்லச் சொல்ல 1970-ன் ஏழு பேரையும் எழுதினேன். இரண்டு பேர் இறந்துவிட்டார்கள், ஒருவர் சூரத்தில் மகனோடு இருக்கிறார். படத்தில் யார் யார் என்று இடமிருந்து வலமாகக் குறித்துக்கொண்டேன். ஏரி ஆட்டத்துக்கு வந்தபோது எங்கள் பக்கத்து ஏழு பேரைச் சொன்னார். நோட்டை மூடப்போனேன்.

"இரு. அவங்க பேரையும் எழுதணும் இல்ல?"

"சொல்லுங்க பெரியப்பா."

யோசித்தார். நெட்டையாக ஒருவன், இடது கையால் பிடிப்பவன் ஒருவன், பாடும்போது மூச்சே விடாதவன் ஒருவன். பிடித்த பிடியெல்லாம் நினைவிருந்தது. பெயர் ஒன்றும் வரவில்லை.

"பேரு கேட்டுக்கவே இல்லப்பா" என்றார்.

தோள் தட்டியவனுக்கும் இப்போது எழுபது இருக்கும். வரும் அமாவாசைக்குக் காலனிக்குப் போய்க் கேட்டுவரலாம் என்றிருக்கிறேன். தானும் வருவதாகப் பெரியப்பா சொல்கிறார். முட்டி மடங்காது, ஆட்டோதான் பிடிக்கவேண்டும். நோட்டில் அந்தப் பக்கத்தில் ஏழு வரி காலியாக விட்டிருக்கிறேன்.